ரக்பி ஆடிய தாய்மாமன்

கொல்கத்தா
4.8.2025

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி சூர்யாவின் வணக்கம். முகாமில் செல்போனை வாங்கி வைத்துவிட்டார்கள், அதனால் பேனாவைப் பிடித்திருக்கிறேன். சிரிக்காதே. மாமா சௌக்கியமா? உனக்கு ஷூ கம்பெனியில் ஓவர்டைம் ஜாஸ்தியா?

அடுத்த மாதம் நேபாளத்தோடு ஆட்டம். பதினைந்து பேரில் நானும் ஒருவன். இந்தியச் சட்டை, அக்கா! போன வாரம் ஒருத்தன் முழங்கால் தலையில் பட்டுக் கண் இருட்டிவிட்டது. ரக்பியில் அடிபடாமல் முடியுமா? டாக்டரிடம் மூச்சு விடவில்லை. சொன்னால் உட்கார வைத்துவிடுவார்கள்.

குழலிக்கு எப்போது காது குத்தப் போகிறீர்கள்? நான் வராமல் வைத்துவிடாதே. அவள் என் மடியில்தான் உட்கார வேண்டும்.

உன் தம்பி
சூரியபிரகாஷ்

ஆம்பூர்
11.8.2025

அன்புத் தம்பிக்கு,

உன் கடிதத்தைத் தையல் லைன் முழுக்கக் காட்டிப் பெருமையடித்துவிட்டேன்.

சூர்யா, வைகாசியிலேயே காது குத்தியாயிற்றே! உன் மடியில்தான் உட்கார்ந்தாள். வலியில் உன் கையைக் கடித்தாள். மாமாவிடம் படித்துக் காட்டினேன். "இன்னாடி, கலாய்க்கிறானா?" என்றவர் சாப்பிடாமலே எழுந்துவிட்டார். டாக்டரிடம் சொல்லிவிடு, கண்ணா. உன்னைக் கெஞ்சிக் கேட்கிறேன்.

அக்கா மோகனா

கொல்கத்தா
17.8.2025

அக்கா,

சும்மா விளையாட்டுக்குக் கேட்டேன். எல்லாம் ஞாபகம் இருக்கிறது. அன்றைக்குக் கோயிலில் என்ன கூட்டம்! பல்லைக் கடித்துக்கொண்டு இந்த ஒரு ஆட்டம் ஆடிவிடுகிறேன். பத்து வருஷமாக இதற்காகத்தான் மண்ணில் புரண்டேன். நீ எனக்கு அம்மா மாதிரி. கெடுத்துவிடாதே.

சூர்யா

கொல்கத்தா
28.8.2025

மோகனாவுக்கு,

கோச்சுக்குப் போன் போட்டுச் சொல்லிவிட்டாய். ஸ்கேன் எடுத்தார்கள். இனி நான் ஆடவே கூடாதாம். என் இடம் ராஜேஷுக்குப் போய்விட்டது. அவன் இந்தியச் சட்டையைப் போட்டுப் பார்த்தான், நான் கட்டிலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

எனக்கு அக்கா இல்லை. ஊருக்கு வரமாட்டேன். எழுதாதே.

சூரியபிரகாஷ்

ஆம்பூர்
3.9.2025

சூர்யா,

எழுதாதே என்றாய், மனசு கேட்கவில்லை. காதுகுத்து நம் வீட்டு மாடியில் நடந்ததடா. அன்றைக்கு யாரும் கோயில் பக்கமே போகவில்லை. கோயிலில் கூட்டம் என்று நீ எழுதியதைப் படித்துவிட்டு மெஷினில் உட்கார்ந்தேன், கை ஓடவில்லை. லைனில் எல்லோர் முன்னாலும் அழுதேன். அப்புறம்தான் போன் போட்டேன். மறுபடியும் இப்படி ஆனால் மறுபடியும் போடுவேன்.

உன் உடம்பிலிருந்து அந்தச் சட்டையை உருவியது நான்தான். எனக்கும் நெஞ்சு ஆறவில்லை. வர வேண்டாம், பதில் போட வேண்டாம். ஆயுசுக்கும் என்மேல் கோபமாகவே இரு. அந்தக் கோபத்தை மட்டும் மறந்துவிடாதே, கண்ணா.

அக்கா மோகனா