மோதிரத்தோடு பறந்தவர்

அன்புள்ள தம்பிக்கு,

அண்ணி எழுதுகிறேன். நலமா என்று கேட்கப் போவதில்லை. நேற்றும் தொலைக்காட்சிப் பேட்டியில் பார்த்தேன். நன்றாகச் சதை போட்டிருக்கிறீர்கள். முடிக்குச் சாயம் அடித்தவர் காதோரத்தை மட்டும் ஏன் விட்டுவிட்டார் என்று தெரியவில்லை. இங்கே நானும் மகளும் இருக்கிறோம். சமையலறைக் குழாய் ஒழுகுகிறது. ஆள் இதோ வருகிறேன் என்கிறார், வந்தபாடில்லை.

கூடப் பிறக்காவிட்டாலும், என் வீட்டுக்காரரோடு ஒரே விமானப் படைப்பிரிவில் பறக்கத் தொடங்கிய நாளிலிருந்து என்னை அண்ணி என்றே கூப்பிட்டவர் நீங்கள். அந்த உரிமையில் எழுதுகிறேன். கோபம் வந்தால் வரட்டும்.

அவரைப் பற்றி எடுத்த படத்தைப் பார்த்தோம். தயாரிப்பாளர் கார் அனுப்பி, முன்வரிசையில் உட்காரவைத்தார். விமானக் காட்சிகளுக்கு ஆலோசகர் என்று உங்கள் பெயர் தனியாக வந்தது; மகள் கைதட்டினாள். பிறகு வானத்தில் ஒரே சண்டை. எதிரி விமானம் இரண்டு எரிந்து விழுகிறது. அப்புறம் அவருடையதும் தீப்பிடிக்கிறது. கதாநாயகன் கையுறையைக் கழற்றி, கல்யாண மோதிரத்துக்கு முத்தம் கொடுத்துவிட்டுச் சாகிறான். எனக்குப் பக்கத்தில் இருந்த அம்மாள் தேம்பித் தேம்பி அழுதார். எனக்குச் சிரிப்புதான் வந்தது, தம்பி.

உங்களில் யார் மோதிரத்தோடு விமானம் ஏறியிருக்கிறீர்கள்? ஏணியில் மாட்டினால் விரலையே பிய்த்துக்கொண்டு போய்விடும் என்று எனக்குச் சொல்லிக்கொடுத்ததே நீங்கள் இருவரும்தானே. அவர் போகும்போதெல்லாம் சோப்பு டப்பாவில் போட்டுவிட்டுப் போவார். அன்றைக்கும் அங்கேதான் கிடந்தது. உங்கள் கண்ணெதிரே இந்தக் கூத்தை எடுத்தார்கள், நீங்கள் வாய் திறக்கவில்லை. போகட்டும், சினிமா என்றால் நாலு பொய் இருக்கும்.

ஆனால் அந்த இன்னொரு இடம் இருக்கிறதே, அதைத்தான் என்னால் செரிக்க முடியவில்லை.

அவர் இறந்த அந்த வாரம் எங்கள் சமையலறையில், குளிர்பெட்டிமேல் தலையைச் சாய்த்துக்கொண்டு நீங்கள் அழுதீர்கள். “அண்ணன் வேணாம்னுதான் சொன்னாரு அண்ணி. இன்ஜின் உதறுது, இன்னைக்கு எடுக்க மாட்டேன்னாரு. எல்லாரும் நிக்கறப்ப அந்தத் தளபதி, ‘என்னப்பா, பயமா?’ன்னு கேட்டுட்டாரு. அப்புறம் அண்ணன் ஒண்ணுமே பேசல, ஏறிட்டாரு” என்றீர்கள். போர் இல்லை, எதிரி இல்லை. அணிவகுப்புக்கு ஒத்திகை, அவ்வளவுதான். வெளியே சொன்னால் வேலை போய்விடும் என்று கையெடுத்துக் கும்பிட்டீர்கள். வயிற்றுப் பிழைப்பு என்று நானும் வாயைக் கட்டிக்கொண்டேன். விசாரணையில் ஓட்டியவரின் கவனக்குறைவு என்று முடித்தார்கள், அதையும் விழுங்கினேன்.

படத்தில் தளபதி அதே கேள்வியைக் கேட்கிறார். கதாநாயகன் கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, “பயமா? எனக்கா?” என்கிறான். அரங்கமே விசில் அடிக்கிறது. அந்த வார்த்தை தெரிந்தவர்களில் படக்காரர்களோடு உட்கார்ந்தவர் நீங்கள் ஒருவர்தான், தம்பி. தளபதி சொல்லியிருக்க மாட்டார், நான் சொல்லவில்லை. அவரைக் கொன்ற வார்த்தை அது. அதைக் கொண்டுபோய் விசிலுக்குக் கொடுத்துவிட்டீர்களே!

நீங்கள் ‘வால்’ என்று பெயர் வைத்த என் மகள் இப்போது கண்ணாடி முன்னால் நின்று அதைச் சொல்லிப் பார்க்கிறாள். விமானப் படைக்குத் தேர்வாகிவிட்டாள். அடுத்த மாதம் பயிற்சிக்குக் கிளம்புகிறாள். நடந்ததை எல்லாம் முதல்முறையாக அவளிடம் சொன்னேன். “என்னைப் போக விடாம இருக்கக் கதை கட்டறியாம்மா? சித்தப்பா பக்கத்துல இருந்து எடுத்த படம்” என்றாள். மோதிரத்தைக் கொண்டுவந்து காட்டினேன். “அது மட்டும் சினிமாவுக்காகச் சேத்திருப்பாங்க, மத்ததெல்லாம் நெஜம்” என்று சொல்லிவிட்டாள். பெற்றவள் பேச்சு எடுபடவில்லை. உங்கள் பேச்சு எடுபடும்.

அவளைத் தடுக்கச் சொல்லவில்லை. அப்பன் ரத்தம், பறக்கத்தான் செய்வாள். பறக்கட்டும். நீங்கள் பேட்டிக்குப் பேட்டி என்ன வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளுங்கள், நான் மறுக்க மாட்டேன். அவள் கிளம்பும் முன் ஒருமுறை இந்த வீட்டுக்கு வாருங்கள். அதே சமையலறையில் அவளை உட்காரவைத்து, எனக்குச் சொன்னதைச் சொல்லுங்கள். நாளைக்கு எவனாவது நாலு பேர் நடுவில் அவளைப் பார்த்து “பயமா?” என்று கேட்டால், “ஆமாம், எடுக்க மாட்டேன்” என்று சொல்லிவிட்டு அவள் இறங்கி வரவேண்டும். அதை அவளுக்குச் சொல்லிக்கொடுக்க அவள் அப்பா இல்லை.

உங்கள் வீட்டில் பிள்ளைகள் நன்றாக இருக்கட்டும். எல்லாரும் பத்திரமாக வீடு திரும்பட்டும்.

வழி பார்த்திருக்கும்,
அண்ணி