வடக்குக் கதவு

மார்ச் 3, ஞாயிறு
ஆலயத்து வாசல் படிகளில் இன்றும் க்ளெமென்ட்டின் சக்கர நாற்காலி ஏறவில்லை. நாற்பது வருடம் இங்கே மணி அடித்த மனிதர், என் புருஷன், கல்லறைகளுக்கு நடுவே மழையில் உட்கார்ந்து பாட்டு கேட்டார். வெட்கமாக இல்லையா இவர்களுக்கு?

மார்ச் 12
சபைக் கமிட்டி. வடக்குச் சுவரில் அடைத்துக் கிடக்கும் கதவைத் திறங்கள், அந்தப் பக்கம் படியே கிடையாது என்றேன். முன்வரிசை லவினியா தார்ன்பரிக்கு முகம் சிவந்துவிட்டது.

"அது சாத்தான் கதவு, ஹெட்டி. ஞானஸ்நானம் கொடுக்கறப்போ பிசாசு வெளியே போறதுக்கு வச்சது. நானூறு வருஷமா மூடியிருக்கு. அதுல போய் கை வைக்கறதா?"

"அப்போ என் புருஷன் பிசாசா?"

போதகரம்மா டீ ஊற்றினார். எதற்கெடுத்தாலும் டீ!

மார்ச் 13
தூக்கமே இல்லை. நானூறு வருஷமாம். யாரு பாத்தா?

ஏப்ரல் 9
பேராயத்திலிருந்து கட்டட நிபுணர் வந்தார். போதகரம்மாதான் சத்தமில்லாமல் கூப்பிட்டிருக்கிறார். டீ பற்றி எழுதியதை வாபஸ் வாங்குகிறேன்.

சுவர் முழுக்கச் சிக்கிமுக்கிக் கல். காரையைத் தட்டினால், கதவை அடைத்திருப்பது மட்டும் மெஷின் செங்கல்! "நூத்தம்பது வருஷம்கூட இருக்காதும்மா" என்றார். பக்கத்தில் தார்ன்பரி குடும்பத்துப் பெஞ்சு. லவினியாவின் கொள்ளுத்தாத்தா குளிர்காய வைத்த அடுப்பு மேடையும் அதே செங்கல். கிழவருக்குக் காற்று படக்கூடாதென்று கதவையே அடைத்திருக்கிறார்கள். சாத்தானாவது, மண்ணாங்கட்டியாவது!

நேரே அவள் வீட்டுக்குப் போனேன். "உங்க கொள்ளுத்தாத்தா முதுகு குளிர்ந்ததுக்கு என் புருஷன் மழையில நனையணுமா?"

ஜூலை 2
கதவைத் திறக்கப் பேராயத்து அனுமதி இன்னும் வரவில்லை. கையெழுத்துப் போட என்ன கேடு?

செப்டம்பர் 15
லவினியா வாசல் படியில் வழுக்கி இடுப்பெலும்பு முறிந்தது. பாவம் என்று எழுத வேண்டும். எழுதிவிட்டேன்.

நவம்பர் 24, ஞாயிறு
வடக்குக் கதவு திறந்தாயிற்று. க்ளெமென்ட்டின் சக்கரம் கதவு நிலையில் சிக்கிக்கொள்ள, நிமிர்த்திக்கொண்டிருந்தேன். பின்னால் நடைச்சட்டத்தைப் பிடித்தபடி லவினியா.

"சீக்கிரம் போங்க ஹெட்டி, காத்து கொல்லுது."

க்ளெமென்ட் திரும்பிப் பார்த்தார். "நானூறு வருஷம் பொறுத்தோம், லவினியா. இன்னும் ரெண்டு நிமிஷம்."

அவர் உள்ளே போனார். அவளுக்கும் நான்தான் கதவைப் பிடித்துக்கொண்டேன். கோபம் இன்னும் போகவில்லை.