சிவப்பு அம்பு காட்டும் இடம்

இன்று காலை புதுச் சட்டை ஒன்றை உதறியபோது, அதன் கைப்பகுதித் தையலோரம் ஒரு சிவப்பு அம்பு ஸ்டிக்கர் ஒட்டியிருந்தது. துணியில் பிழை எங்கே என்று காட்ட செக்கிங் பெண்கள் ஒட்டுவார்களே, அந்தக் குட்டி அம்பு. பிழையைச் சரிசெய்ததும் உரித்துவிட வேண்டும், யாரோ மறந்திருக்கிறார்கள். அதைச் சுரண்டி எறிய மனமில்லாமல், என் தோழி உன்னோடு பேச உட்கார்ந்துவிட்டேன்.

உன் அத்தாவின் செக்கிங் யூனிட்டில், கல்லூரி விடுமுறைகளில் நீ ஒட்டிப் பழகிய அம்பு இது. ஒருமுறை அம்பை உரிக்காமலே சட்டைகள் கப்பலேறிப் போய், வெளிநாட்டிலிருந்து படத்தோடு புகார் வந்தது. அத்தா தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். நீயோ, "நம்ம ஊட்டுல ஒருத்தரும் கடல் தாண்டல. இந்த அம்பு போய் சீமையைப் பாத்துட்டு வந்துருச்சு பாருங்கத்தா" என்றாய். அந்த நிலையிலும் அவர் சிரித்துவிட்டார்.

பிறகு நீ படம் வரையக் கற்று, கோவையில் அந்த ஸ்டுடியோவில் சேர்ந்தாய். விண்வெளியில் சரக்கு ஏற்றிப்போகும் ஓர் ஓட்டைக் கப்பலைப் பற்றிய கார்ட்டூன் தொடர், முழுக்கக் கேலி. நீ பின்னணி வரைந்தாய். கல்லூரியில் பாடம் நடத்திய நேரம் போக நான் வசனம் எழுதினேன். பின்னணி வரைகிறவர்களின் பெயரைத் திரையில் போடும் வழக்கம் அங்கே இல்லை. எனக்குத்தான் கோபம், நீ அலட்டிக்கொள்ளவில்லை.

"பேரு ஓடறப்ப எல்லாரும் எந்திரிச்சுப் போயிருவாங்க புள்ள. அம்பு ஒட்டுனா நின்னு பாப்பாங்க."

அப்படியே செய்தாய். காட்சியின் ஏதோ ஒரு மூலையில் சிவப்பு அம்பு. அது காட்டும் இடத்தில் ஒரு கேலி. விண்கலத்தின் நெற்றியில் 'தாராபுரம், வழி அவிநாசிபாளையம்' என்று பேருந்துப் பலகை. கேப்டன் நாற்காலியின் முதுகில் அரசு அதிகாரிகள் போட்டுக்கொள்ளும் வெள்ளைத் துண்டு. வில்லி அரசிக்கு ரசிகர் மன்ற பேனர். அடியில் வட்ட வட்டமாகப் பையன்களின் முகங்கள், ஆளுக்கு மூன்று கண், அதற்கேற்ப மூன்று கண்ணாடி வைத்த கூலிங் கிளாஸ். பழைய படக் கதாநாயகர்கள் சிகரெட்டைத் தூக்கிப்போட்டு வாயில் பிடிப்பதுபோல ஒரு ரோபோ ஸ்க்ரூவைப் பிடிக்கும்.

"இதையெல்லாம் யாரு கவனிக்கப் போறாங்க?" என்று கேட்டேன்.

"நீ எதைத்தான் நம்புனே? அதுக்குத்தான் உனக்குச் சொல்லாமயே ஒட்டறேன்."

நீ இல்லாமல் போன பிறகுதான், படத்தை நிறுத்தி நிறுத்தி அம்பு தேடுகிறவர்கள் கிளம்பினார்கள்.

போன மாதம் ஸ்டுடியோவின் புது மேலாளர் அழைத்தார். தொடரைத் துலக்கி மறுபடி வெளியிடுகிறார்களாம். "சீனுக்குச் சீன் செவப்பா அழுக்கு மாதிரி ஒண்ணு வருதுங்க மேடம். அதுக்குப் பக்கத்துல சம்பந்தமில்லாம என்னென்னமோ இருக்குதுங்க. எல்லாத்தையும் அழிச்சுப் போட்டர்லாங்களா?"

வசனம் எழுதியவள் என்பதால் என் சம்மதம் தேவைப்பட்டது. தர முடியாது என்றேன். அழித்துவிட்டால் அந்தத் தொடரில் உன் அடையாளம் என்று எதுவும் மிஞ்சாது.

மறுநாளே நேரில் போனேன். "ஒவ்வொண்ணும் என்னன்னு சொல்லுங்க மேடம். அர்த்தம் இருக்கறத விட்டர்றோம்" என்றார். நியாயமான பேச்சாகத்தான் பட்டது. எதற்கும் ஆதாரம் கேட்கிறவள்தானே நானும். காட்சி காட்சியாக விளக்கினேன். விளக்கிச் சொன்ன கேலிக்கு யார் சிரிப்பார்கள்? ஆனால் மூன்று கண் பேனரைப் பார்த்ததும் எடிட்டிங் பெண், "அட, எங்க வீதி பேனரேதானுங்க! அந்த ஓரத்துல இருக்கறது எங்க மாமன் பையன்" என்றாள். அதன்பின் டீ குடிக்கப் போனவர்கள்கூட வந்து பின்னால் நின்றுகொண்டார்கள். அம்பை முதலில் யார் கண்டுபிடிப்பது என்று போட்டியே நடந்தது.

கடைசிப் பகுதியில் மாட்டிக்கொண்டேன். கப்பலின் தாழ்வாரத்தில் மூடிய கதவு ஒன்று, அதன் முன் ஒற்றைச் செருப்பு. அம்பு அதைத்தான் காட்டியது. எந்தப் படத்தை, எந்த விளம்பரத்தைக் கேலி செய்கிறது என்று எனக்குத் தெரியவில்லை. அங்கிருந்தே உன் தங்கைக்குப் போன் செய்தேன். அவளுக்கும் தெரியவில்லை.

"இது மிஸ்டேக்தானுங்க மேடம். எடுத்தர்லாங்களா?"

"எடுக்காதீங்க."

"அர்த்தம் என்னன்னு சொல்லுங்க."

"எனக்குத் தெரியலீங்க. ஆனா, அவ சும்மா ஒட்டமாட்டா. பாக்கறவங்கள்ல யாராச்சும் ஒருத்தருக்குத் தெரியும். இதை எடுத்தா நான் சம்மதிக்கறதா இல்லீங்க."

அவர் என்னையும் திரையையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு எதையும் தொடாமல் அடுத்த காட்சிக்குப் போய்விட்டார்.

உன்மேல் கோபம்தான், ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போயிருக்கலாம். திரும்பிவரும் பேருந்தில் அந்தச் செருப்பையே யோசித்தேன். இப்போதும் பாத்திரம் கழுவும்போது, விடைத்தாள் திருத்தும்போது திடீரென்று நினைவுக்கு வந்து நிற்கிறது. இன்னும் பிடிபடவில்லை. அங்கே ஏதோ இருக்கிறது என்பதில் மட்டும் எனக்குச் சந்தேகமே இல்லை.