கத்திரியை நிறுத்தாமல் சொன்ன கதை

அன்புள்ள தங்கைக்கு அண்ணன் எழுதிக்கொண்டது,

நானும் உன் மகளும் சுகம். சலூனுக்குப் புது நாற்காலி வாங்கியிருக்கிறேன். மந்திரியே வந்து உட்கார்ந்தாலும் குறட்டை விடுவார்.

பள்ளிக்கூடத்தில் வளரும் பிள்ளைகளுக்கு ஒரு வகுப்பு நடந்தது. உடம்பு மாறுவது மட்டுமில்லை. யாரோடு எப்படிப் பழகுவது, எது அன்பு, எது அதட்டல் என்பதெல்லாம் சொல்லிக்கொடுத்தார்கள். கடைசி நாள் பெற்றோரையும் அழைத்தார்கள். ஆயிரம் பேர் கூட்டம். சரி, நாற்பது பேர். நீ வெளியூரில் இருப்பதால் உனக்குப் பதிலாக நான், முதல் வரிசையில்.

பிள்ளைகள் பேர் போடாமல் எழுதிய சீட்டுகளை டீச்சர் வாசித்தார். ஒன்றில், "என்மேல உயிரையே வச்சிருக்கிறவர்கிட்ட அழுதுகிட்டே ஒண்ணு சொன்னேன். அவர் அதை ஊருக்கே சொல்லிட்டார். இது நல்ல உறவா?" என்று இருந்தது. எனக்குப் பொறுக்குமா? எழுந்து நின்று, "யாருங்க அந்தப் பய? என் கடைக்கு அனுப்புங்க, பாதித் தலையோட திருப்பி விடறேன்!" என்றேன். ஒரே கைதட்டல்.

"இன்னும் ஒரு வரி இருக்குங்க" என்றார் டீச்சர். "சொல்லும்போது அவர் கத்திரியைக்கூட நிறுத்தல."

உன் மகள் தலை நிமிரவில்லை.

வளர்த்த கடா மார்பில் பாய்ந்ததே என்று இரண்டு நாள் அவளோடு பேசவில்லை. மூன்றாம் நாள், "சபையில மாமாவை இப்படிப் பண்ணலாமா?" என்று கேட்டேன். "நான் பேர் போடல மாமா. நீங்கதான் போட்டீங்க" என்றாள்.

ஒரு பையன் அவளிடம் எதையோ கேட்டு நச்சரித்திருக்கிறான். அவள் முடியாது என்றிருக்கிறாள். என்னிடம் மட்டும் சொன்னாள். நான் பெருமையாகத்தான் சொன்னேன், தங்கச்சி. "என் மருமக புலி! விட்டா பாரு ஒரு அறை!" என்று கடையில் அளந்தேன். அறை என் கைச்சரக்கு. கதை நாலு தலை தாண்டிப் பள்ளிக்கூடம் போய்ச் சேர்வதற்குள், அவள் சொன்ன 'முடியாது' மட்டும் வழியில் விழுந்துவிட்டது. இப்போது அவள் பெஞ்சில் அவள் ஒருத்திதான்.

எனக்கு இப்போதெல்லாம் "சரி மாமா" மட்டும்தான் கிடைக்கிறது.

அவன் என்ன கேட்டான் என்று இதில் எழுதவில்லை. அவளுக்கு இஷ்டமிருந்தால் சொல்வாள். ஞாயிற்றுக்கிழமை உனக்குப் போன் செய்வாள். அந்த நேரம் நான் கடையில் இருப்பேன். நிதானமாகக் கேள். அவள் சொன்னதை யாருக்கும் சொல்லாதே. நான் கெஞ்சிக் கேட்டாலும், எனக்கும்.

நீயும் உன் மகளும் நன்றாக இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
உன் அண்ணன்