ஒசாகாவில் ஒரு பணியாரக் கடை

ஒசாகா, ஜப்பான்
11.10.1982

அன்புள்ள ரெங்கம்மாளுக்கு,

நான் இங்கே சௌக்கியம். நீயும் முத்துத்தாயும் அங்கே அப்படியே இருப்பீர்கள் என்று வைத்துக்கொண்டு எழுதுகிறேன். போன இரண்டு கடிதத்துக்கும் உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. பழியைத் தபால்காரர் மேல் போட்டுவிட்டு மூன்றாவதைத் தொடங்கியிருக்கிறேன்.

புதுத் தறி ஓட்டப் பழகிவா என்று மில்லில் அனுப்பினாலும் அனுப்பினார்கள், வாரத்தில் ஆறு நாளும் எண்ணெயும் நட்டுமாகத்தான் போகிறது. ஆனால் நேற்று ஞாயிற்றுக்கிழமை எங்களை ஓர் இடத்துக்குக் கூட்டிப்போனார்கள். கோயில் குளம் என்று நினைத்தால், இல்லை. சாப்பிடக் கூட்டிப்போனார்கள். ஊர் சுற்றிக் காட்டுவது போல இங்கே சாப்பாட்டைச் சுற்றிக் காட்டுகிறார்கள். அதற்கென்று ஒரு அம்மா, பேர் மொரிட்டா, நாற்பது வயது இருக்கும். கையில் மஞ்சள் கொடி. கொடியைத் தூக்கிக்கொண்டு முன்னால் ஓட்டமும் நடையுமாகப் போகிறார். பின்னால் நாங்கள் ஒன்பது பேர். என் அறையில் இருக்கும் தாய்லாந்துக்காரன் சோம்சாய் பசி தாங்காமல் கொடிக்கும் முன்னால் போய்விட்டான்.

மேலே கூரை போட்ட கடைத்தெரு. நம் மதுரைப் புதுமண்டபத்தை அரை மைல் இழுத்து நீட்டிவிட்டதாக நினைத்துக்கொள். ஒரு கடையில் காய்ந்த மீனை ஆசாரி இழைப்புளி போட்டுச் சீவுவது போலச் சீவுகிறார்கள். மரக்கட்டைதான் என்று நான் தட்டிப் பார்த்தேன், சத்தமும் மரச் சத்தம்தான். அடுத்த கடையில் பெருவிரல் மொத்தத்துக்குச் சேமியா, வெந்நீர்க் குழம்பில் மிதக்கிறது. அதை உறிஞ்சிச் சத்தம் போட்டுக் குடிக்க வேண்டுமாம். சத்தம் வராவிட்டால் கடைக்காரர் முகம் வாடிவிடும் என்றார் அந்த அம்மா. நான் போட்ட சத்தத்தில் கடைக்காரர் எட்டிப் பார்த்துக் கும்பிட்டார்.

அப்புறம் பார்த்ததுதான் உனக்கு எழுதவேண்டிய சங்கதி. இங்கே பணியாரக் கடை இருக்கிறது. சத்தியமாகச் சொல்கிறேன், நம் குழிப்பணியாரச் சட்டியேதான், இரும்பில், ஒரு சட்டிக்கு நாற்பது குழி. மாவை ஊற்றி, ஒவ்வொரு குழியிலும் எட்டுக்கால் கடல் பிராணி ஒன்றின் துண்டைப் போட்டு, கோணி ஊசி மாதிரி ஒன்றால் புரட்டுகிறார்கள். கடைக்காரம்மா கை ஓடுகிற வேகத்தில் ஒன்றுகூடப் பிய்யவில்லை. நான் கடைவாசலிலேயே நின்றுவிட்டேன். மற்றவர்கள் போய்விட்டார்கள் என்று மொரிட்டா அம்மா கொடியோடு திரும்பி வந்து கூப்பிட வேண்டியதாயிற்று.

எங்கள் வீட்டிலும் இது உண்டு, என் சம்சாரம் வெள்ளிக்கிழமை தவறாமல் சுடுவாள் என்று எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் அடித்துவிட்டேன். அந்த அம்மாவிடம் ஒரு நோட்டு இருக்கிறது. வருகிற ஒவ்வொருவரின் ஊர்ப் பண்டத்தையும், அதைச் செய்கிற ஆளின் பெயரையும் அதில் எழுதிக்கொள்கிறார். 'ரெங்கம்மாள், மதுரை, பணியாரம்' என்று எழுதியாகிவிட்டது. உன் பேர் ஜப்பான் எழுத்தில் பார்க்க அழகாக இருக்கிறது. திருப்புகிற பக்குவம் வந்துவிட்டது என்று உங்கள் சம்சாரம் எதை வைத்துக் கண்டுபிடிப்பார் என்று கேட்டார். வீட்டில் கேட்டுச் சொல்கிறேன் என்றேன். நீ அதை எழுதி அனுப்பு.

இன்னொன்று. இங்கே சாப்பிட்டு எழுந்தால் சமைத்தவரைப் பார்த்து ஒரு வார்த்தை சொல்லாமல் யாரும் வெளியே போவதில்லை. எனக்காக இம்புட்டுத் தூரம் ஓடியாடினீர்களே என்று அதற்கு அர்த்தமாம். எப்பேர்ப்பட்ட பழக்கம் பார். நான் அந்தப் பணியாரக்காரம்மாவிடம் இரண்டு தடவை சொன்னேன்.

டிசம்பர் பதினேழில் புறப்படுகிறேன். முத்துத்தாய்க்கு முத்தம்.

அன்புடன்,
அழகுமலை

---

கொட்டாம்பட்டி
27.10.1982

மச்சானுக்கு ரெங்கம்மாள் எழுதுவது.

இங்கே எல்லாரும் சுகம். மேலே ஊர்ப் பெயரைப் பார்த்ததும் விளங்கியிருக்கும். நீங்கள் விமானம் ஏறிய நாலாம் நாள் நாகமலை புதுக்கோட்டையில் நம் வீட்டைப் பூட்டிவிட்டுச் சுருளி அண்ணன் வீட்டுக்கு வந்துவிட்டேன். உங்கள் மூன்று கடிதத்தையும் பக்கத்து வீட்டு ஒச்சம்மாள்தான் வாங்கி வைத்திருந்து, இந்தப் பக்கம் வந்தவரிடம் கொடுத்துவிட்டாள். தபால்காரரை ஏச வேண்டாம்.

கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். நன்றாக எழுதியிருக்கிறீர்கள். அண்ணன் பொண்டாட்டிக்கும் வாசித்துக் காட்டினேன், மீனை இழைப்புளியில் சீவுகிறார்களா என்று வாயைப் பிளந்தாள். எனக்கும் அந்தக் கடைத்தெருவில் ஒருமுறை நடக்க ஆசையாகத்தான் இருந்தது.

பணியாரப் பக்குவம் கேட்டிருந்தீர்கள். எனக்குத் தெரியாது. நம் வீட்டில் பணியாரச் சட்டியே கிடையாது.

வெள்ளிக்கிழமை தோறும் நீங்கள் சாப்பிட்டது ஒச்சம்மாள் சுட்டது. அவள் தட்டில் வைத்துச் சுவருக்கு மேலே நீட்டுவாள், நான் வாங்கி உங்கள் முன்னால் வைப்பேன். கேட்டால் சொல்லலாம் என்று முதல் வாரம் காத்திருந்தேன். நீங்கள் கேட்கவில்லை. எட்டு வருஷமாகக் கேட்கவில்லை. மறுநாள் காலையில் அவள் சுவருக்கு அந்தப் பக்கம் நின்று, "அண்ணனுக்குப் புடிச்சிருந்துச்சா" என்று கேட்பாள். ரொம்பப் பிடித்தது என்றார், இன்னும் ரெண்டு இருக்கா என்றார் என்று நானாகக் கட்டிச் சொல்வேன். நீங்கள் சொல்லாததை எல்லாம் எட்டு வருஷமாக நான் அவளிடம் சொல்லியிருக்கிறேன்.

பேர் தெரியாத கடைக்காரம்மாவுக்கு இரண்டு தடவை சொன்னீர்களாம். சந்தோஷம்.

நீங்கள் புறப்படும் முன்னால் மில் ஆட்கள் நாலு பேருக்கு விருந்து வைத்தோமே, நினைவிருக்கிறதா? விடிந்ததில் இருந்து அடுப்படியில் நின்றேன். கருத்தக்கண்ணன் அண்ணன் கை கழுவிவிட்டு வந்து, "கல்யாண வீட்டுல கூட இப்படிச் சாப்பிட்டதில்ல தங்கச்சி" என்றார். அதற்கு நீங்கள், "அவளுக்கு வேற என்ன வேலை" என்றீர்கள். எல்லாரும் சிரித்தார்கள். உங்கள் மனசில் கெட்டது இல்லை, அது எனக்குத் தெரியும். ஆனாலும் அந்தச் சிரிப்போடு அந்த அடுப்படியில் என்னால் நிற்க முடியவில்லை.

முத்துத்தாயைக் காலாண்டு லீவு முடிந்ததும் இந்த ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சேர்த்துவிட்டேன். அண்ணன் என்ன ஏது என்று கேட்கவில்லை. நீங்கள் வந்து கூப்பிட்டால் வருவேனா என்பது எனக்கே தெரியவில்லை.

ஒன்று மட்டும் கேட்கிறேன். எட்டு வருஷத்தில் என் கையால் நீங்கள் சாப்பிட்டது எது? யோசித்து எழுதுங்கள். தெரியாவிட்டால் தெரியாது என்றே எழுதுங்கள். பொய் மட்டும் வேண்டாம், எழுதினால் எனக்குத் தெரிந்துவிடும்.

இப்படிக்கு,
முத்துத்தாயின் அம்மா

---

ஒசாகா
8.11.1982

அன்புள்ள ரெங்கம்மாளுக்கு,

உன் கடிதம் போன செவ்வாய்க்கிழமை வந்தது. அன்றே பதில் எழுத உட்கார்ந்தேன், தேதிக்கு மேல் ஓடவில்லை.

ஒச்சம்மாள் சங்கதியைப் படித்தபோது முதலில் எனக்குக் கோபம்தான் வந்தது. இத்தனை வருஷம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா என்று உன் மேலேயே கோபம். சோம்சாயிடம் சொல்லி ஆற்றிக்கொள்ளலாம் என்று போனேன். அவன் கேட்டுவிட்டு, "நீ கேட்டாயா" என்றான். அதோடு கோபம் இறங்கிவிட்டது. மில்லில் ஒரு போல்ட் எந்தக் கம்பெனிச் சரக்கு என்று தலையைத் திருப்பிப் பார்க்காமல் மாட்டமாட்டேன் நான்.

விருந்தன்று அப்படிச் சொன்னது எனக்கு நினைவே இல்லை. ஆனால் சொல்லியிருப்பேன். நீ எழுதியதைப் படித்தபோது என் குரல் எனக்கே கேட்டது. வெட்கமாக இருக்கிறது, ரெங்கம்மா. அந்தக் கடைத்தெருப் பழக்கத்தை உனக்கே ஏதோ அதிசயம் போல எழுதினேனே, அதை நினைத்தால் இன்னும் வெட்கம்.

நீ கேட்ட கேள்விக்கு ஐந்து நாள் யோசித்தேன். சாம்பார் என்று எழுதலாம், எல்லார் வீட்டிலும் சாம்பார் வைப்பார்கள், தப்பாகாது. அது பொய்க்குச் சமம். அதனால் உள்ளதை எழுதுகிறேன். எனக்குத் தெரியவில்லை. வயிறு நிறைந்தது தெரியும். எதனால் நிறைந்தது என்று பார்க்கவில்லை.

ஆனால் வேறொன்று இருக்கிறது. அதைச் சொல்லாமல் விட்டால் அதுவும் பொய்தான்.

இங்கே வந்த முதல் வாரம் விடுதிச் சாப்பாட்டில் சன்மா என்று ஒரு மீனை முழுசாகச் சுட்டு வைத்தார்கள். வீட்டில் சாப்பிடுவது போலவே எடுத்து வாயில் போட்டேன். முள் தொண்டையில் குத்திக்கொண்டது. கண்ணில் தண்ணீர் கொட்டுகிறது, பேச்சு வரவில்லை. சோம்சாய் முதுகில் குத்து குத்தென்று குத்தினான், சமையல்காரர் வெறுஞ்சோற்றை உருண்டை பிடித்து வாயில் திணித்தார். ஒரு வழியாக இறங்கியது. இவர்களுக்கு நல்ல மீன் பார்த்து வாங்கத் தெரியவில்லை என்று அன்றைக்குச் சொல்லிக்கொண்டேன்.

உன் கடிதத்துக்குப் பிறகு நேற்றுத்தான் அது உறைத்தது. நம் வீட்டுக்கு நான் வாங்கி வருவது கண்மாய்க் கெண்டை. அதைப் போல முள் உள்ள மீன் வேறு உண்டா? சின்னப் பிள்ளையில் எத்தனை தடவை குத்தியிருக்கிறது. கல்யாணத்துக்கு அப்புறம் ஒரு முள் என் நாக்கில் பட்டதில்லை. நான் பார்த்து வாங்குகிற லட்சணம் அப்படி என்று எட்டு வருஷமாக மார்தட்டிக்கொண்டிருந்தேன். நீதான் ஒவ்வொன்றாக எடுத்துவிட்டு வைத்திருக்கிறாய். எம்புட்டு நேரம் ஆகும் அதற்கு? உன் கையால் நான் சாப்பிட்டது எது என்று தெரியவில்லை. உன் கை எடுத்துப் போட்டது எது என்று தெரிகிறது.

நேற்று மொரிட்டா அம்மா புதிதாக வந்த பிலிப்பைன்ஸ்காரர்களைக் கூட்டிக்கொண்டு அதே கடைத்தெருவுக்குப் போனார். நானும் கேட்டுக்கொண்டு பின்னால் போனேன். இந்தத் தடவை பண்டத்தைவிடக் கையைத்தான் பார்த்தேன். மாவு ஊற்றுகிற கை, சேமியாவை வடிக்கிற கை. பணியாரக்காரம்மாவின் மணிக்கட்டில் சூட்டுத் தழும்பு வரிசையாக இருக்கிறது. போன தடவை அது என் கண்ணில் படவில்லை. எத்தனை வருஷமாக நிற்கிறார் என்று மொரிட்டா அம்மாவைக் கேட்கச் சொன்னேன். இருபத்தாறு வருஷமாம். என்ன திறமை, என்ன பொறுமை என்று வியந்துகொண்டே நின்றேன்.

நோட்டில் தப்பாக எழுத வைத்துவிட்டேன் என்று மொரிட்டா அம்மாவிடம் ஒத்துக்கொண்டேன். எதிரே மூன்று பேர் நிற்கிறார்கள், சொல்வதற்குள் வேர்த்துவிட்டது. அவர் சிரிக்கவில்லை. ரெங்கம்மாள் பெயரை அடித்து ஒச்சம்மாள் என்று எழுதினார். அப்புறம் பேனாவை எடுக்காமல், ரெங்கம்மாளுக்கு என்ன எழுத என்று கேட்டார். மீன் சங்கதியைச் சொன்னேன். அவர் வீட்டிலும் பிள்ளைகளுக்கு அப்படித்தான் எடுத்து வைப்பாராம். உங்கள் மகள் வயதென்ன, மகளுக்கா எடுத்தார் என்றார். இல்லை, எனக்குத்தான் என்றேன். அதையும் அப்படியே எழுதிக்கொண்டார்.

வா என்று எழுத எனக்கு வாய் இல்லை. நான் வரலாமா என்று மட்டும் எழுது. ஒச்சம்மாளுக்குத் தனியாக ஒரு கடிதம் போட்டிருக்கிறேன், அவளுடைய பணியாரத்தைப் பற்றி. எட்டு வருஷம் தாமதம்.

அன்புடன்,
அழகுமலை

---

கொட்டாம்பட்டி
24.11.1982

அன்புள்ள மச்சானுக்கு,

முத்துத்தாய்க்குச் சளி இருந்தது, இப்போது இல்லை. தீபாவளிக்கு அண்ணன் அவளுக்குப் பச்சைப் பாவாடை எடுத்துக் கொடுத்தார். உங்கள் கடிதத்தில் அப்பா தனக்கு என்ன எழுதியிருக்கிறார் என்று தேடினாள். இந்தத் தடவை முத்தம்கூட இல்லை. நானே இருக்கிறது என்று சொல்லி ஒன்று கொடுத்தேன். இந்தப் பழக்கம் எனக்கு விடாது போலிருக்கிறது.

சாம்பார் என்று எழுதாமல் விட்டீர்களே, அதைப் படித்துச் சிரித்தேன். எழுதியிருந்தால் அத்தோடு முடிந்திருக்கும். நான் உங்களுக்குச் சாம்பார் வைத்ததே குறைவு.

முள் எடுத்தது உண்மைதான். ஆனால் அதைப் பெரிய பாசம் என்று நீங்கள் உருகிவிட வேண்டாம். பயம்தான் காரணம். உங்களுக்கு மறந்துபோயிருக்கும், கல்யாணமான இரண்டாம் மாதம் கெண்டைக் குழம்பு வைத்தேன். நீங்கள் பேப்பரை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு சாப்பிட்டீர்கள். முள் மாட்டிக்கொண்டது. முழி பிதுங்கிவிட்டது உங்களுக்கு. நானும் சோற்று உருண்டைதான் கொடுத்தேன். இறங்கினதும் செம்புத் தண்ணீரைக் குடித்துவிட்டு விட்ட இடத்தில் இருந்து பேப்பரைப் படித்தீர்கள். பேப்பரை வைத்துவிட்டுச் சாப்பிடுங்கள் என்று சொல்ல அப்போது எனக்குத் தைரியம் இல்லை, பத்தொன்பது வயசு. முள்ளை எடுப்பது சுலபமாக இருந்தது. எடுத்தேன். அதுவே எட்டு வருஷம் ஆகிவிட்டது. ஒரு மீனுக்கு அரை மணி ஆகும், கேட்டிருந்தீர்களே.

உங்கள் மேல் மட்டும் தப்பு இல்லை என்று இதை எழுதும்போது தோன்றுகிறது. நான் முள்ளை எடுத்துக் கொடுத்ததால்தான் நீங்கள் தட்டைப் பார்க்காமலே சாப்பிட முடிந்தது.

ஒச்சம்மாள் உங்கள் கடிதத்தை எடுத்துக்கொண்டு பஸ் பிடித்து இங்கேயே வந்துவிட்டாள். என்னை உட்கார வைத்து வாசித்துக் காட்டினாள். நான் இத்தனை நாள் அவளிடம் கட்டிச் சொன்னதைவிட நீங்கள் எழுதியது நன்றாக இருந்தது. திருப்புகிற பக்குவமும் சொன்னாள், அந்த நோட்டு அம்மாவிடம் சொல்லுங்கள். ஓரம் குழியை விட்டு விலகும், அப்போது ஊசி போட்டால் தானாகச் சுற்றுமாம். என் பெயரை அந்த நோட்டில் எழுதியதற்கு அவருக்கு நான் கும்பிடு சொன்னதாகவும் சொல்லுங்கள்.

வரலாமா என்று கேட்டிருந்தீர்கள். வாருங்கள். முத்துத்தாய்க்கு அரைப்பரீட்சை முடியும் வரை எதையும் முடிவு செய்யப் போவதில்லை என்று அண்ணனிடம் சொல்லியிருக்கிறேன். மழை நன்றாகப் பெய்து கண்மாய் நிறைந்திருக்கிறது, மடையில் கெண்டை விழுகிறது. நீங்கள் வருகிற அன்று குழம்பு வைப்பேன். எனக்கும் ஒரு தட்டுப் போட்டு எதிரே உட்காருவேன். எழுந்திருக்கும்போது அந்த ஊர் வார்த்தை எனக்கு வேண்டாம். உப்புக் கூடியிருந்தால் கூடியிருக்கிறது என்று சொல்லுங்கள், நன்றாக இருந்தால் நன்றாக இருக்கிறது என்று சொல்லுங்கள். நம் பேச்சில் சொல்லுங்கள், அண்ணன் இருக்கும்போதே சொல்லுங்கள். அதைக் கேட்ட பிறகு பெட்டி கட்டுவதைப் பற்றி யோசிக்கிறேன்.

ஒன்று முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். இனிமேல் நான் எடுக்கப் போவதில்லை. முள் இருக்கும், பார்த்துச் சாப்பிடுங்கள்.

உங்கள்,
ரெங்கம்மாள்