கழிவுப் பட்டியலில் இருந்த போத்தல்

என் கோபக்காரச் சின்னண்ணைக்கு,

உங்களுக்குக் கடிதம் எழுதிப் பழக்கமில்லை. ஒரே வளவுக்குள் இருந்தவர்களுக்குக் கடிதம் எதற்கு? ஆனால் இதை எழுதாமல் விட்டால் எனக்குச் சோறு இறங்காது.

நாளை மறுநாள் உங்கள் அந்தியேட்டி, நீங்கள் செத்து முப்பத்தோராம் நாள். வருகிறவர்கள் கையில் கொடுக்கிற கல்வெட்டு என்கிற நினைவுப் புத்தகத்துக்குப் பெரியண்ணைதான் பொறுப்பு. முதலில் உங்கள் படம், பிறகு தேவாரங்கள், பிறகு உங்கள் வாழ்க்கை வரலாறு. கடதாசி கிடையாததால் அச்சகத்தில் பள்ளிக்கூடக் கொப்பித் தாளில்தான் அடித்திருக்கிறார்கள். உங்கள் மூக்குக்குக் குறுக்கே நீலக் கோடு ஓடுகிறது. பார்த்தால் நீங்களே சிரிப்பீர்கள்.

வரலாற்றில் ஒரு வரி, “மாசு மறுவற்ற அரச சேவை” என்று. அதற்கு அடுத்ததாக வரவேண்டிய பக்கத்தை நான் எழுதிக் கொடுத்திருந்தேன். பெரியண்ணை அதைத் தூக்கிவிட்டார்.

“ஏன் எடுத்தனீங்கள்?” என்று கேட்டேன்.

“செத்தவனை ஏன் திரும்பவும் சந்திக்கு இழுக்கிறாய்? விசாரணையையும் இடமாற்றத்தையும் சனம் மறந்துபோச்சு. மறந்தது மறந்ததாக் கிடக்கட்டும்.”

“நான் மறக்கேல்லை.”

“உன்ரை பேரும் உதிலை வருது. தெரியுமோ?”

“ஓம். அதுக்குத்தான் எழுதினனான்.”

அவர் தாளை நாலாக மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டார். வைத்திருக்கட்டும். எனக்குக் கை இருக்கிறது, இன்னொரு தரம் எழுதுவேன். இந்த முறை உங்களுக்கே எழுதுகிறேன், ஊருக்கும் கேட்கும்படியாக. நீங்கள் அறிந்த கதைதான். ஆனால் நீங்கள் அறியாத ஒரு துண்டும் அதில் இருக்கிறது.

சண்டையால் பாதை மூடி, மின்சாரமும் நின்றுபோயிருந்த காலம் அது. நான் ஆஸ்பத்திரியில் குறைமாதப் பிள்ளைகளின் அறையில் நேர்ஸ். நீங்கள் கீழே மருந்துகள் கலக்கும் டிஸ்பென்சர். பிள்ளைகளைச் சூடாக வைக்கிற கண்ணாடிப் பெட்டிக்குள் நாங்கள் துணி மடித்து வைத்திருந்தோம், வேறு எதற்கும் அது உதவவில்லை. வெறும் சேலைன் போத்தல்களில் சுடுநீர் நிரப்பி, துவாயால் சுற்றி, பிள்ளைகளின் இரண்டு பக்கமும் அணைத்து வைப்போம்.

குருநகர் பிலோமினாவின் பெண் பிள்ளை ஏழாம் மாதத்தில் பிறந்தது. மூன்று இறாத்தலும் இல்லை. பால் குழாயால் இறங்கியது, நிறமும் நல்ல நிறம். ஒரே ஒரு குறை, அவள் மூச்சு விட மறந்துபோவாள். அவ்வளவு முந்திப் பிறந்த பிள்ளைகளின் மூளைக்கு அந்த வேலை இன்னும் பழகியிருக்காது. நெஞ்சு அசையாமல் நிற்கும், உதடு நீலமாகும். உள்ளங்காலில் விரலால் சுண்டினால் திடுக்கிட்டு மறுபடி தொடங்குவாள். ஒரு காலைப் பொழுதுக்குள் பத்துத் தரமும் சுண்டியிருக்கிறேன்.

அதற்குப் போடுகிற ஊசி முடிந்து இரண்டு கிழமை. கப்பல் வரும் என்றார்கள், வரவில்லை. ஒருநாள் சுண்டியும் அவள் திரும்பவில்லை. முகமூடி வைத்துக் காற்று அமுக்கித்தான் மீட்டோம். டொக்டர் கை கழுவிக்கொண்டே, “கஃபீன் இருந்தாலும் குடுத்துப் பாக்கலாம். மூச்சைத் தூண்டிவிடும். ஆனால் எங்கை போறது?” என்றார்.

மத்தியானம் உங்களோடு சாப்பிட இருந்தபோது, ஆற்றாமையில் சும்மா சொன்னேன். நீங்கள் பாதிச் சோற்றை மூடி வைத்துவிட்டு எழும்பிப் போனீர்கள். அலுமாரியின் பின்தட்டிலிருந்து மண்ணிறப் போத்தல் ஒன்றைக் கொண்டு வந்தீர்கள். ஒரு காலத்தில் தலையிடித் தூளில் கலக்கவென்று வாங்கிய கஃபீன். திகதி முடிந்து இரண்டு வருடம். புதைக்க வேண்டிய மருந்துகளின் கழிவுப் பட்டியலில் உங்கள் கையாலேயே அதை எழுதியிருந்தீர்கள்.

“பட்டியலிலை போட்டிட்டு ஏன் புதைக்கேல்லை?”

“காய்ஞ்ச தூள், பிள்ளை. ஈரம் படேல்லை, மூடி திறக்கேல்லை. வெளியிலை அடிச்ச திகதி உள்ளுக்கை கிடக்கிற தூளுக்குத் தெரியுமோ?”

அப்படிச் சொன்னாலும் நீங்கள் அதை நம்பிவிடவில்லை. ஜன்னலைச் சாத்தி, காற்றசையாமல், சின்னத் தராசில் மூன்று தரம் நிறுத்தீர்கள். சித்திரிக் அமிலத்தோடு கொதித்தாறிய நீரில் கரைத்து, முதலில் நீங்களே குடித்தீர்கள். முகம் கோணியது. பிறகு ஒரு மணித்தியாலம் மணிக்கட்டில் விரலை வைத்துக்கொண்டு சுவர் மணிக்கூட்டைப் பார்த்தபடி இருந்தீர்கள். என்னையும் கதைக்க விடவில்லை.

“கெடேல்லை. எவ்வளவு குடுக்கிறதெண்டு டொக்டரிட்டை எழுதுவிச்சுக்கொண்டு வா.”

டொக்டர் போத்தலில் இருந்த உங்கள் கையெழுத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். பிள்ளையின் நிறைக்குக் கணக்குப் பார்த்து, கட்டிலில் தொங்கிய டிக்கற்றில் அளவை எழுதினார். நாளுக்கு ஒரு தரம், சில துளி. முதல் நாள் பெரிய மாற்றம் இல்லை. மூன்றாம் நாள் காலை ஏழு மணியிலிருந்து ஒரு மணி வரை அவள் ஒரே ஒரு தரம்தான் மூச்சை மறந்தாள். நான் அழுதுகொண்டு கீழே ஓடி வந்தேன். நீங்கள் நிமிர்ந்தும் பார்க்காமல், “அழுறதெண்டால் வெளியிலை போய் அழு, தராசுக்குக் கிட்ட நிண்டு அழாதை” என்றீர்கள்.

ஒரு கிழமை போயிருக்கும். நான் அறைக்குள் வரும்போது பிலோமினா வெறுங்கோப்பியில் பஞ்சை நனைத்துப் பிள்ளையின் வாய்க்குக் கிட்டக் கொண்டுபோகிறாள். தட்டிப் பறித்து, வாயில் வந்ததெல்லாம் சொல்லி ஏசினேன். அவள் ஏச்சு வாங்கியபடி நின்றாள்.

“மிசி, உந்த மருந்து கோப்பியிலை கிடக்கிற சாமான்தான் எண்டு நீங்கள்தானே கதைச்சனீங்கள். போத்தில் முடியப்போகுதாம். முடிஞ்சால் என்ரை பிள்ளை என்ன செய்யும்?”

உங்களிடம் வந்து சொன்னேன். பிள்ளைகளின் விடுதிப் பக்கமே எட்டிப் பாராத நீங்கள் அன்று மாடியேறி வந்து அவளுக்கு முன்னால் ஸ்ரூலில் குந்தினீர்கள்.

“பிள்ளை, உந்தக் கோப்பியிலை எவ்வளவு கிடக்கெண்டு உமக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. கூடினால் நெஞ்சு படபடக்கும். குறைஞ்சால் மூச்சு நிண்டுபோம். என்ரை போத்திலிலை எவ்வளவு கிடக்கெண்டு எனக்குத் தெரியும். உம்மடை பிள்ளை வீட்டை போகுமட்டும் அது காணும்.”

பிறகு, “உது இனி ஆருக்கு?” என்று கேட்டு, அந்தக் கோப்பியை வாங்கி ஒரே மடக்கில் குடித்தீர்கள். “சீனி காணாது” என்றும் சொன்னீர்கள். அந்தக் காலத்தில் சீனிக்கு அவள் எங்கே போவாள்? ஆனாலும் அவள் சிரித்தாள். பிள்ளை பிறந்த பிறகு அவள் சிரித்ததை அன்றுதான் கண்டேன்.

பிள்ளை வீட்டுக்குப் போனாள். மறக்காமல் மூச்சுவிட்டுக்கொண்டு போனாள்.

அதன் பிறகுதான் இருப்புப் பார்க்க வந்தவர்களின் கண்ணில் அந்தப் போத்தல் பட்டது. புதைத்திருக்க வேண்டிய மருந்து எப்படிப் பிள்ளையின் வாய்க்குப் போனது என்று விசாரணை. கைதவறி வேறு போத்தலை எடுத்துவிட்டேன் என்று எழுதித் தந்தால் எச்சரிக்கையோடு முடிக்கலாம் என்று உங்களிடம் நயமாகச் சொன்னார்களாம். நீங்கள் அதற்கு இணங்கவில்லை. என்ன மருந்து, எத்தனை வருடப் பழையது, எப்படிச் சோதித்தேன் என்று ஒன்று விடாமல் எழுதிக் கொடுத்தீர்கள். இனி மருந்து கலக்கக் கூடாது என்று சொல்லி, கரவெட்டிப் பக்கம் ஒரு சின்ன மருந்தகத்தில் குளிசை எண்ண விட்டார்கள். இணுவில் வீட்டிலிருந்து சைக்கிளில் போய் வந்தீர்கள், மாரடைப்பு வந்த அந்தக் காலை வரைக்கும்.

இனி, நீங்கள் அறியாத துண்டு.

விசாரணை அறைக்குள் என்னையும் கூப்பிட்டார்கள். “போத்திலுக்குள்ளை என்ன இருந்தது எண்டு உமக்குத் தெரியுமோ?” என்று கேட்டார்கள். “தெரியாது. தந்ததைக் குடுத்தன்” என்றேன். எழுதி நீட்டினார்கள், கையெழுத்து வைத்தேன். என் இரண்டு பிள்ளைகளுக்கும் என் சம்பளம்தான் சாப்பாடு, பயந்துபோனேன். காரணம் சொல்கிறேனே தவிர மன்னிப்புக் கேட்கவில்லை, அண்ணை. அந்தப் பொய்யால் நீங்கள் தனித்துப்போனீர்கள். டொக்டரும் அப்போது ஊரில் இல்லை. நானும் தெரிந்து கொடுத்தேன் என்று சொல்லியிருந்தால் இரண்டு பேரின் சொல்லாக இருந்திருக்கும்.

அன்று பின்னேரம் வந்து, “சாப்பிட்டியோ?” என்று மட்டும் கேட்டீர்கள். உள்ளே என்ன சொன்னாய் என்று கேட்கவில்லை. சாகும்வரை கேட்கவில்லை. அறியாமல்தான் கேட்கவில்லையா? இல்லை, அறிந்துதானா?

உங்கள் செத்தவீட்டுக்குப் பிலோமினா வந்திருந்தாள். பிள்ளைக்கு இப்போது நாலு வயது, ஒரு இடத்தில் இருக்க மாட்டாள், பறையடிக்கிறவர்களையே சுற்றிச் சுற்றி வந்தாள். “உது ஆரின்ரை பிள்ளை?” என்று பெரியண்ணை கேட்டார். பிலோமினா உங்களைக் காட்டி, “ஐயாவைத்தான் கேக்கவேணும்” என்றாள். அவருக்கு விளங்கவில்லை. நான் கிணற்றடிக்குப் போய்விட்டேன்.

மாசு மறுவற்ற சேவையாம். உங்களுக்கு மறு இருந்தது, அண்ணை. அந்த மறு நாலு வயதில் முற்றம் முழுக்க ஓடித் திரிந்தது. அதை மறைக்க நான் விடமாட்டேன்.

நேற்றுக் காலை, விசாரணையில் நான் சொன்னது பொய் என்று ஒரு பக்கத்தில் எழுதி, ஆஸ்பத்திரிக் கந்தோருக்கு நானே கொண்டுபோய்க் கொடுத்தேன். கிளார்க் இரண்டு தரம் வாசித்தார்.

“மிசி, உதாலை உங்கடை வேலையும் போகலாம். யோசிச்சனீங்களோ?”

“நாலு வருசமா யோசிச்சனான். கிடைச்சதெண்டு சீலைக் குத்துங்கோ.”

குத்தித் தந்தார். இந்தக் கடிதத்தை நானே பிரதி எடுத்து, அந்தியேட்டியன்று படலையடியில் நின்று வருகிற ஒவ்வொருவர் கையிலும் கொடுப்பேன். பெரியண்ணை கத்தட்டும். சாப்பாட்டுப் பந்தியிலிருந்து எழும்பிப் போகிறவர்கள் போகட்டும்.

என்னை மறுபடி கூப்பிடுவார்கள். அதே கேள்வியைக் கேட்பார்கள். போத்தலுக்குள் இருந்தது என்ன, அதை என் கையால் எத்தனை நாள் கொடுத்தேன் என்று சொல்வேன். அது போதாது என்றால், குருநகர் எப்படிப் போவதென்று வழியும் சொல்வேன், போய் அந்தப் பிள்ளையின் நெஞ்சில் காது வைத்துக் கேட்கட்டும். இது உங்களுக்கு நான் தருகிற வாக்கு.

அன்று உங்களைத் தனியே விட்ட, இனி விடாத,
உங்கள் கூடப்பிறந்த தங்கச்சி
தவமணி