மைக் யாருக்கு, மஞ்சள் அட்டை யாருக்கு

மே 8, வெள்ளி

வெயில். தார் ரோட்டில் செருப்பு ஒட்டுகிறது. அம்மா சொன்ன வேலை: தண்ணீர் இரண்டு குடம். கொண்டுவந்தது: ஒன்று.

காலையில் கால்பந்து கமிட்டித் தலைவர் வீட்டுக்கு வந்தார். ஞாயிறு ஆந்திரா டீமோடு ஃபைனல். இந்த வருஷம் செல்லில் நேரலையாம். அதனால் வர்ணனைக்குச் சென்னையிலிருந்து ஆள். நைனாவுக்கு, அதாவது என் அப்பாவுக்கு, முன்வரிசை நாற்காலி, ஒரு சால்வை. இருபத்திரண்டு வருஷம் மைக் பிடித்தவருக்கு நாற்காலி! கமிட்டி இல்லை, கழட்டி.

நைனா, "ஆங், சரிங்க" என்றதோடு சரி. பிறகு சர்க்கரை போடாத டீயைக் குடித்து முடித்தார். போடவில்லை என்பதே தெரியவில்லை.

யாரும் படிக்கப் போவதில்லை, எழுதிவைக்கிறேன். நைனா பெருமைகள்:

- பவர்லூம் சத்தத்துக்கு மேலே பேசிப் பேசி வந்த குரல். மலைமேல் முருகனுக்கே ஸ்கோர் தெரியும்.
- பந்து நம்ம பையன்களிடம் என்றால் தமிழ். ஆந்திரா டீமிடம் போனால் தெலுங்கு. மைதானத்துக்கு முதுகு காட்டி பஜ்ஜி போடும் மல்லிகா அத்தைக்கும் பந்து எங்கே என்று தெரியும்.
- ஆட்டத்துக்கு முன் ஒவ்வொருவனிடமும் அம்மா பெயர் கேட்டு எழுதிக்கொள்வார். கோல் விழுந்தால் "சரோஜா மகன் தினேஷ்!" தான். சரோஜா அழுததைப் பார்த்திருக்கிறேன்.

மே 9, சனி

காற்றே இல்லை. சென்னை அண்ணன் வந்தாச்சு. மே மாதத்தில் டை. இனி அவர் பெயர் டை அண்ணன். நம்ம டீம் பட்டியல் கேட்டார். நானே எழுதிக் கொடுத்தேன். முத்து முத்தான கையெழுத்து. எல்லாம் தெருவில் கூப்பிடும் பட்டப்பெயர்.

மே 10, ஞாயிறு

ஸ்பீக்கரில்: "பல்லி பந்தை எடுத்துச் செல்கிறார், கொட்டாவிக்குக் கொடுக்கிறார்..." கூட்டம் சிரித்து உருண்டது. டை அண்ணனுக்கு மெதுவாகத்தான் உறைத்தது. கழுத்து வரை சிவப்பு. நான் ஆசைப்பட்டது இதைத்தான். பார்க்க நன்றாக இல்லை. மல்லிகா அத்தை வேறு, "பந்து யாராண்ட கீது, சொல்லித் தொலைங்களேன்டா" என்று பஜ்ஜியைக் கருக்கிக்கொண்டிருந்தார்.

இடைவேளை. நைனா எழுந்தார். மைக்கைப் பிடுங்கப் போகிறார் என்று நினைத்தேன். சட்டைப் பையிலிருந்து ஒரு தாள் எடுத்து டை அண்ணனிடம் நீட்டினார். இரண்டு டீமும், அம்மா பெயரோடு. மைக் இல்லாத வருஷமும் காலையிலேயே போய்க் கேட்டு எழுதியிருக்கிறார்.

டை அண்ணன் படித்தார். பாதி தெலுங்குப் பெயர்கள். "எனக்குத் தெலுங்கு வராதுண்ணே. நீங்க பேசுங்க, நான் கேமரா பாத்துக்கிறேன்." கமிட்டித் தலைவர் சால்வையை மடித்து உள்ளே வைத்தார்.

இரண்டாம் பாதி முழுக்க நைனா. மல்லிகா அத்தை ஒருமுறைகூடத் திரும்பவில்லை. 2-1, நாம்தான். விசில் ஊதியதும், கோல் சொல்லும் அதே ராகத்தில்:

"பொய் லிஸ்ட் எழுதிக் குடுத்த ஜெயந்தி மகள் பவானி! மஞ்சள் அட்டை. இந்தத் தம்பியாண்ட வந்து மன்னிப்பு கேட்டுட்டுப் போம்மா."

என் கையெழுத்தை எப்போது பார்த்தாரோ. போனேன், கேட்டேன். காது எரிந்தது. ஆனாலும் அந்த ஸ்பீக்கரில் என் பெயர்!

வீட்டு வாசலில் அம்மா. அங்கேயும் கேட்டிருக்கிறது. திட்டு விழும் என்று தலையைக் குனிந்தேன்.

"எம்பேரை இன்னா அழகா சொன்னாரு, கேட்டியா?" என்றாள்.